உங்களுக்குத் தெரியுமா? ஒரே கேம், ஆனால் பதக்கம் எல்லோருக்கும் இல்லை!

புனேயின் நாடிங் ஹெட்ஸ் கேம்ஸ் உருவாக்கிய ‘ராஜி’ என்ற கேம் 2020 ஆகஸ்டில் நிண்டெண்டோ சுவிட்சிலும், அக்டோபரில் கணினி, பிளேஸ்டேஷன், எக்ஸ்பாக்ஸிலும் வந்தது. தருமபுரியில் அண்ணன் எக்ஸ்பாக்ஸிலும் தம்பி சுவிட்சிலும் அதே அசுரர்களை வீழ்த்தலாம். கேமில் குறிப்பிட்ட இலக்கை எட்டினால் கிடைக்கும் பதக்கம்தான் ‘சாதனை’; அதற்கான புள்ளி அண்ணன் கணக்கில் ஏறும். தம்பிக்கு அப்படிப் பதிய சுவிட்சில் எல்லா கேம்களுக்கும் பொதுவான சாதனைப் பட்டியலே கிடையாது. கருவியின் திறனுக்கும் இதற்கும் சம்பந்தமில்லை, எல்லாம் கருவியையும் அதன் கடையையும் நடத்தும் நிறுவனம் போடும் சட்டம். 2005இல் எக்ஸ்பாக்ஸ் 360 வந்தபோதே மைக்ரோசாஃப்ட் சாதனைகளைக் கட்டாயமாக்கியது. வட்டில் விற்ற கேமுக்கு அடிப்படையாக 1000 புள்ளிகள். 2008இல் பிளேஸ்டேஷனுக்கு அதேபோன்ற ‘கோப்பை’களைக் கொண்டுவந்த சோனி, அடுத்த ஆண்டே புதிய கேம்களுக்கு அவற்றைக் கட்டாயமாக்கியது. இவர்கள் அனுமதிக்காமல் அந்தக் கருவிகளில் எந்த கேமும் வெளிவராது, சொன்னது நடந்தது.

கணினிக்கு அப்படி ஒரே வாசல் இல்லை. ஸ்டீம், எபிக், ஜிஓஜி எனப் பல கடைகள். கடையே இல்லாமலும் விற்கலாம். 2007இல் சாதனைகளைத் தொடங்கிய ஸ்டீம், வேண்டுமா வேண்டாமா என்பதை கேம் செய்பவரிடமே விட்டது. பெரிய கடையான ஸ்டீம் கட்டாயப்படுத்தினால் என்ன என்று கேட்கலாம். செய்யலாம்தான், ஆனால் மதிப்பு ஏறாது. கணினியில் கோப்புகள் ஆடுபவர் கையில் இருப்பதால், கேமைத் தொடாமலே எல்லாச் சாதனைகளையும் திறந்துவிடும் மென்பொருள்கள் உலவுகின்றன. போதாக்குறைக்கு, ஆயிரக்கணக்கில் சாதனைகளைக் கொட்டிய மலிவு கேம்கள் வேறு! அதனால்தான், போதிய ஆதரவு பெறாத கேம்களுக்கு 100 சாதனைகள் என ஸ்டீம் உச்சவரம்பு வைத்தது.