பூட்டிய அலமாரியில் மருத்துவ அறிவு



எங்கள் கிருஷ்ணகிரி மாவட்டம் மாம்பழத்திற்கு மட்டுமன்றிக் கருங்கல்லுக்கும் பெயர் பெற்றது. கல்லை அறுக்கும்போது எழும் நுண்தூளில் சிலிக்கா என்னும் பொருள் உண்டு. அதனை ஆண்டுக்கணக்கில் சுவாசிக்கும் தொழிலாளியின் நுரையீரலில் தழும்புகள் தோன்றுகின்றன. சிலிக்கோசிஸ் எனப்படும் இந்நோயின் இருமலும் மூச்சிரைப்பும் காசநோயை ஒத்திருப்பதால், ஒன்றை மற்றொன்றாகக் கருதிவிடுதல் எளிது. போதாக்குறைக்கு, இந்நோய் கண்டவரைக் காசநோயும் விரைவில் பற்றுகிறது.

ஓசூரில் தனியே மருத்துவம் பார்க்கும் ஒருவர் இவ்விரண்டையும் பிரித்தறிய வேண்டுமாயின், புதிய ஆராய்ச்சிகளைப் படித்தாக வேண்டும். ஆனால், ஒரே ஒரு கட்டுரைக்கு 30 டாலருக்கு மேல் கேட்கும் அயல்நாட்டுச் சஞ்சிகைகள் பல. அக்கட்டுரையை எழுதிய அறிஞர் பதிப்பகத்தாரிடம் ஊதியம் பெறுவதில்லை. அதைச் சரிபார்க்கும் அறிஞர்களும் பொதுவாக இலவசமாகவே உழைக்கின்றனர். ஆராய்ச்சிச் செலவோ பெரும்பாலும் பொதுப்பணம். அவ்வாறிருக்க, இக்கதவுக்குப் பூட்டு எதற்கு என்று நீங்கள் வினவினால் அது நியாயமான வினாவே.

ஏழை நாடுகளுக்காக உலக சுகாதார நிறுவனம் 2002ஆம் ஆண்டில் ஹினாரி என்னும் திட்டத்தைத் தொடங்கியது. ஆறு பெரிய பதிப்பகங்கள் முதலில் இணைந்தன. மிக ஏழை நாடுகளின் மருத்துவ நிறுவனங்களுக்குச் சஞ்சிகைகள் இலவசமாகக் கிடைத்தன. அப்பட்டியலில் இந்தியா இடம்பெறவில்லை. தலைவருமானம் குறைவாயினும், நாட்டின் மொத்த வருமானம் மிகப் பெரிதாயின் சலுகை இல்லை என்பது பின்னர் வகுக்கப்பட்ட விதி. தலைக்கு வகுத்தபின் மீண்டும் மொத்தத்தை நோக்கும் இக்கணக்கை என் வகுப்பில் எவரேனும் போட்டிருந்தால், சிலேட்டை அழித்துவிட்டு மறுபடி போடச் சொல்லியிருப்பேன்.

ஆகவே நம் நாடு தானே சந்தா கட்ட முன்வந்தது. 2024 நவம்பரில் 'ஒரே நாடு ஒரே சந்தா' திட்டத்திற்கு மத்திய அமைச்சரவை ஒப்புதல் அளித்தது. மூன்றாண்டுகளுக்கு 6,000 கோடி ரூபாய், 30 பதிப்பகங்கள், ஏறத்தாழ 13,000 சஞ்சிகைகள். அரசுக் கல்லூரிகளும் மத்திய அரசின் ஆராய்ச்சி நிலையங்களும் 2025 முதல் இதனால் பயன்பெறலாயின. 2022இல் திறக்கப்பட்ட கிருஷ்ணகிரி அரசு மருத்துவக் கல்லூரி போன்றவற்றை மனத்திற்கொண்டு வகுத்த ஏற்பாடு இது. ஆனால் நான் சொன்ன ஓசூர் மருத்துவர் எந்த அரசு நிறுவனத்தையும் சேர்ந்தவரல்லர். அவருக்கு அலமாரி இன்னும் பூட்டியே இருக்கிறது.

பூட்டில்லாத அலமாரிகளும் உண்டு. 1956இல் சென்னையில் நிறுவப்பட்ட காசநோய் மருந்தாய்வு நிலையம், நோயாளியை மருத்துவ விடுதியில் படுக்கவைத்து மருந்து தருவதும், வீட்டிலிருந்தபடியே உண்ணச் செய்வதும் ஏறக்குறைய ஒரே பலனைத் தருகின்றன என்று கண்டது. படுக்கை கிடைக்காத ஏழை நோயாளிகளுக்கு அது எத்தகைய செய்தி என்று எண்ணிப் பாருங்கள்! பல நாடுகளில் சிகிச்சை முறையையே அம்முடிவு மாற்றியது. 1959இல் உலக சுகாதார நிறுவனத்தின் சஞ்சிகையில் வந்த அக்கட்டுரை, பப்மெட் சென்ட்ரல் என்னும் இணைய நூலகத்தில் இன்று முழுமையாகக் கிடைக்கிறது. ஓசூர் மருத்துவரும் நீங்களும் அதனைக் காசில்லாமல் படிக்கலாம்.