மனுவைத் திரும்பப் பெறுதலும் உரிமையை ஒதுக்கிக்கொள்ளுதலும்

ஒருவன் நீதிமன்றத்தில் தான் கொடுத்த மனுவைத் திரும்பப் பெற்றுக்கொண்டான் எனக் கேட்டவுடனே, அவன் தோற்றான் என்றே ஊரார் முடிவு கட்டுவர். சட்டநூல்களைப் புரட்டுமுன் நாமும் அவ்வாறே எண்ணியிருந்தோம்.

கைம்பெண் ஒருத்தியின் நிலத்துப் பட்டாவைத் தாசில்தார் பிறர் பெயருக்கு மாற்றிவிட்டார் என வைத்துக்கொள்வோம். அவள் அரசியல் சட்டத்தின் 226-ஆம் பிரிவின்படி உயர்நீதிமன்றத்தில் ரிட் மனுக் கொடுக்கிறாள். நீதிபதியோ, நிலம் யாருடையதென்பதைச் சாட்சிகளை விசாரித்தே தீர்க்கவேண்டும் என்றும், பிரமாணப் பத்திரங்களை மட்டும் கொண்டு தீர்க்கலாகாது என்றும் கருதுகிறார். மனு தள்ளுபடியாகுங் குறி தோன்றுகிறது. உடனே அவளுடைய வக்கீல் எழுந்து, சிவில் நீதிமன்றத்திற் பரிகாரம் தேடும் உரிமையை ஒதுக்கிக்கொண்டு மனுவைத் திரும்பப் பெற அநுமதி வேண்டுகிறார். அநுமதி கிடைப்பின், நிலத்தைப்பற்றி ஒரு தீர்ப்பும் பிறவாமலே மனு முடிகிறது. நாளைய வழக்கில் எதிரி எடுத்துக்காட்டத்தக்க முடிவு யாதொன்றும் இராது.

உரிமை ஒதுக்காமல் மனுவை வாளா திரும்பப் பெற்றால் நேர்வதென்ன? சர்குஜா போக்குவரத்து நிறுவனத்தின் வழக்கில், 1986-இல் உச்சநீதிமன்றம் இதனைத் தெளிவாக்கிற்று. அநுமதியின்றித் திரும்பப் பெற்றவர் அதே காரணத்திற்காக மறுபடியும் உயர்நீதிமன்றத்தில் ரிட் மனுக் கொடுத்தல் கூடாது. சிவில் வழக்கு முதலிய பிற வழிகள் அதனால் மட்டும் அடைபடா என்பது அத்தீர்ப்பு. இந்த நீதிபதி இணங்கவில்லையாயின் வேறு நீதிபதியிடம் போவோம் என்று மனுதாரர் அலைவதைத் தடுப்பதே அதன் நோக்கம். சிறைப்பட்டவரின் விடுதலைக்கான ஆட்கொணர்வு மனுவுக்கு இத்தடையை அந்நீதிமன்றம் விதிக்கவில்லை. அது நியாயமென்றே நாமும் கருதுகிறோம்.

சிவில் வழக்கிலோ கண்டிப்பு மிகுதி. 1908-ஆம் வருஷத்துச் சிவில் நடைமுறைச் சட்டத்தின் 23-ஆம் கட்டளை, 1-ஆம் விதிப்படி, அநுமதியின்றி வழக்கை விட்டவர் அதே பொருளைக் குறித்துப் புதுவழக்குத் தொடர முடியாது. எதிரியின் செலவுத் தொகையையும் கொடுக்க நேரலாம். வடிவக் குறையால் வழக்குத் தோற்றே தீரும் நிலையிலோ, வேறு போதிய காரணம் இருந்தாலோதான் அநுமதி கிடைக்கும். அரசாங்கத்தின்மேல் வழக்கிடுமுன் கொடுக்கவேண்டிய இரண்டு மாத முன்னறிவிப்பைக் கொடாமற் போனது அத்தகைய குறைக்கு நல்ல உதாரணம்.

இவ்வுரிமை புதிதாக ஒரு பரிகாரத்தைப் படைத்துத் தருவதன்று. முன்பு இருந்த வழியை மூடாது விடுவதே. பலர் ஏமாறுவது காலவரையறையில்தான். முதல் வழக்கே தொடராதது போல நாட்கள் எண்ணப்படும் என்கிறது அக்கட்டளையின் 2-ஆம் விதி. ஆயினும், அதிகாரமில்லாத நீதிமன்றத்தில் நல்லெண்ணத்தோடும் ஊக்கத்தோடும் வழக்காடிக் கழித்த நாட்களை, 1963-ஆம் வருஷத்துக் காலவரையறைச் சட்டத்தின் 14-ஆம் பிரிவு தள்ளிக் கணக்கிட இடந்தருகிறது.

மேற்சொன்ன கைம்பெண், வக்கீல் வாய்மொழியாக வேண்டினார் என்பதோடு அமைதல் ஆகாது. உத்தரவின் நகலை வாங்கி, உரிமை ஒதுக்கிய வாசகம் அதில் ஏறியிருக்கிறதா என்று பார்த்து, விடுபட்டிருந்தால் அந்நீதிபதியிடமே தாமதமின்றி அறிவித்துத் திருத்தம் வேண்டுதல் நன்று.