செம்பாறையில் உறையும் வெண்ணிற உலோகம்

காரவள்ளி அடிவாரத்திலிருந்து எழுபது கொண்டையூசி வளைவுகளைக் கடந்து கொல்லிமலையின்மேல் செம்மேட்டை அடைகின்ற யாத்திரிகர்கள், வல்வில் ஓரியின் சிலையைக் கண்டு, அறப்பளீசுவரரைத் தரிசித்து, ஆகாய கங்கையில் நீராடி மகிழ்வது வழக்கம். ஆனால் இம்மலையின் உச்சி மேடுகளில் மெல்லிய மண்போர்வைக்கு அடியில் படிந்து கிடக்கும் செந்நிறப் பாறையைக் குனிந்து நோக்குவோர் மிகச் சிலரே. பாக்சைட் என்று பெயர் பெற்ற அப்பாறைதான், நம் சமையலறைக் குண்டான் முதல் ஆகாய விமானம் வரை அனைத்துக்கும் ஆதாரமாகிய அலுமினியத்தின் தாதுப்பொருள்.

அப்பாறைத் துண்டு ஒன்றைக் கையில் எடுத்துப் பார்த்தால், உள்ளே வெள்ளிபோல் மின்னும் உலோகம் இருக்கிறது என்று எவருக்கும் நம்பத் தோன்றாது. இரும்புத் தாதுவின் கனம் இல்லை. செம்புத் தாதுவின் வர்ணஜாலமும் இல்லை. விரல்களில் பழுப்புநிறத் தூள் ஒட்டும்; நனைந்தால் மண்வாசனை வீசும். கொல்லிமலையின் உடம்பு, சென்னையை அடுத்த பல்லாவரத்துக் குன்றுகளிலும் காணப்படும் சார்னோக்கைட் என்னும் கடினமான கரும்பாறையால் ஆனது. யுகயுகாந்தரமாகப் பெய்த மழையும் இடையிடையே காய்ந்த வெயிலும் அப்பாறையை இளக்கி, கரையக்கூடிய உப்புகளையும் சிலிகாவையும் அடித்துக்கொண்டு போக, கரையாத இரும்பும் அலுமினியமும் பிராணவாயுவோடும் நீரோடும் கூடி மேட்டின் தலையில் எஞ்சி நின்றன. இரும்பு மிஞ்சிய இடம் செம்புரைக்கல் ஆயிற்று. அலுமினியம் மிஞ்சிய இடம் பாக்சைட் ஆயிற்று.

பூமியின் மேலோட்டில் ஏறத்தாழ நூற்றுக்கு எட்டுப் பங்கு அலுமினியமே. வேறெந்த உலோகமும் அவ்வளவு இல்லை. இருந்தும் பொன்னையும் செம்பையும் இரும்பையும் ஆயிரக்கணக்கான ஆண்டுகளாக அறிந்திருந்த மனிதகுலம், காலடியிலேயே கிடந்த இதனை அறிந்து ஏறத்தாழ இருநூறு ஆண்டுகளே ஆகின்றன. காரணம், இவ்வுலோகம் பிராணவாயுவோடு கொண்டுள்ள பிணைப்பின் வலிமை. இரும்புத் தாதுவைக் கரியோடு சேர்த்து உலையிலிட்டு ஊதினால் கரி பிராணவாயுவைக் கவர்ந்துகொள்ள, இரும்பு விடுபடும். அலுமினியமோ அந்த உலைக்கு மசிவதில்லை. கலங்கல் நீரைத் தெளியவைக்கவும் துணிக்குச் சாயம் ஏற்றவும் நம் முன்னோர் பயன்படுத்திய படிகாரத்திலே இவ்வுலோகம் அடங்கியிருந்தும், அதனை வெளிப்படுத்தும் உபாயம் எவருக்கும் வசப்படவில்லை.

1825-ஆம் ஆண்டில் கோபன்ஹேகன் நகரத்து ஓர்ஸ்டெட் முதன்முதலாக இதனைப் பிரித்தெடுத்தார். ஜெர்மானிய இரசாயனப் பேராசிரியர் வோலர் 1827-இல் பொட்டாசியத்தின் துணைகொண்டு தூளாகப் பெற்று, 1845-இல்தான் குண்டூசித் தலையளவு மணிகளாகத் திரட்டி அதன் குணங்களை ஆராய்ந்தார். பிரெஞ்சு விஞ்ஞானி தெவில், மூன்றாம் நெப்போலியனின் ஆதரவோடு, சோடியத்தைக் கொண்டு கட்டிகளாகவே எடுக்கும் முறையை வகுத்தார். 1855-இல் பாரிஸ் கண்காட்சியில் அது அபூர்வப் பொருளாக வைக்கப்பட்டது. அதன் விலையை வீழ்த்தியது மின்சாரம். 1886-இல் அமெரிக்காவில் ஹால் என்பவரும் பிரான்சில் எரூ என்பவரும், ஒருவரையொருவர் அறியாமலே, அலுமினிய ஆக்சைடாகிய அலுமினாவை உருகிய கிரையோலைட் என்னும் உப்பில் கரைத்து அதனூடே மின்சாரத்தைச் செலுத்தி உலோகத்தைப் பிரித்தனர். இருவரும் 1863-இல் பிறந்தவர்கள். இருவரும் 1914-இல் மறைந்தவர்கள். இரண்டாயிரம் பாகை செல்சியஸுக்கு மேல் உருகும் அலுமினா, அவர்கள் கண்ட வழியில் ஆயிரம் பாகைக்கும் குறைந்த வெப்பத்திலேயே வசப்பட்டது.

தமிழகத்துக்கு இவ்வுலோகம் முதலில் தகடாகவே வந்தது. 1898-இல் சென்னைக் கலைப்பள்ளியில் ஆல்பிரட் சாட்டர்டன், இறக்குமதியான தகடுகளைக்கொண்டு அலுமினியப் பாத்திரத் தொழிலைத் தொடங்கிவைத்தார். தாதுவிலிருந்தே உலோகம் எடுக்கும் ஆலை மேட்டூரில் எழுந்தது: காவிரி நீர்மின்சாரம் அருகிருக்க, சேர்வராயன் மலையிலும் கொல்லிமலையிலும் வெட்டிய பாக்சைட் கீழிறங்கி வர, மெட்ராஸ் அலுமினியம் கம்பெனி 1965 முதல் அங்கே உலோகம் வார்த்தது. 2008-இல் அவ்வுலைகள் ஓய்ந்தன.

இத்தகைய ஆலையில் நிகழ்வது இரண்டு காரியங்கள். முதலாவது, பேயர் என்ற ஆஸ்திரிய இரசாயனி கண்ட முறை: பொடித்த பாக்சைட்டைச் சூடான காரச்சோடாக் கரைசலில் அழுத்தத்தோடு வேகவைத்தால் அலுமினியச் சத்து கரைந்துவிடும், இரும்பு முதலியன செஞ்சேறாக அடியில் தங்கும். தெளிந்த கரைசலை ஆறவிட்டு முன்பே செய்த படிகங்களை அதில் தூவினால், நூலைப் பற்றிக் கற்கண்டு விளைவதுபோல், அவற்றைப் பற்றிப் புதுப் படிகங்கள் வளரும். அவற்றைச் சுட்டால் வெள்ளைத் தூளான அலுமினா கிடைக்கும். இரண்டாவது மின்னுலை. நான்கைந்து வோல்ட் அழுத்தமே உடைய, ஆனால் அளவில் பெருத்த மின்னோட்டம் கரித்தண்டுகள் வழியே பாய, உருகிய உலோகம் உலையடியில் தேங்குகிறது. ஒரு டன் அலுமினியத்துக்கு இரண்டு டன் அலுமினாவும், அதற்கு நான்கைந்து டன் பாக்சைட்டும், பதினாலாயிரம் யூனிட் அளவுக்கு மின்சாரமும் செலவாகின்றன.

அலுமினியத்தின் நிழலாகவே இருந்துவரும் மற்றோர் உலோகமும் அந்தக் காரச்சோடாக் கரைசலில் ஒளிந்திருக்கிறது. 1871-இல் ருஷ்ய மேதை மெண்டலீவ், தனிமங்களின் அட்டவணையில் அலுமினியத்துக்குக் கீழே ஓர் இடத்தைக் காலியாக விட்டு, அங்கே வரவேண்டிய உலோகத்தின் குணங்களை முன்கூட்டியே கணித்தார். 1875-இல் பிரான்சின் புவாபோத்ரான், துத்தநாகத் தாதுவின் நிறமாலையில் தோன்றிய புதிய கோடுகளைக்கொண்டு அதனைக் கண்டறிந்து காலியம் என்று பெயரிட்டார். அவர் கண்ட அடர்த்தி 4.7, மெண்டலீவ் கணித்ததோ ஏறக்குறைய 6. மேலும் சுத்தம் செய்து அளக்கும்படி மெண்டலீவ் எழுத, மறுபடி அளந்தபோது 5.9 வந்தது! முப்பது பாகைக்குச் சற்றே குறைந்த வெப்பத்தில், உள்ளங்கையிலேயே உருகிவிடும் இவ்வுலோகம் மேட்டூரிலும் ஒருகாலத்தில் எடுக்கப்பட்டது. எல்.இ.டி. விளக்குகளின் ஒளிக்கு மூலம் காலியத்தின் சேர்மங்களே.

அலுமினியத்தின் உபயோகங்களோ எண்ணற்றவை. தண்ணீரைப்போல் 2.7 மடங்கே கனம். எடைக்கு எடை பார்த்தால் செம்பைவிட இரு மடங்கு மின்சாரம் கடத்தும். ஆகையால் எஃகு நரம்பின்மேல் அலுமினிய இழைகளை முறுக்கிய கம்பிகளே நாடெங்கும் மின்கோபுரங்களை இணைக்கின்றன. காற்றுப் பட்டவுடன் மேலே படரும் மெல்லிய ஆக்சைடு படலம் அரிப்பைத் தடுக்கிறது. 1964-இல் வெளியான மூன்று பைசாவும் இவ்வுலோகமே; மாத்திரைகளின் பளபளக்கும் உறையும் இதுவே.

இத்தனை பயனுள்ள பொருள் இன்று மலிவாகக் கிடைப்பதனால் அதன் உண்மையான விலையை நாம் மறந்துவிடலாகாது. வெட்டியெடுத்த மலையுச்சியில் மரம் நடலாம். ஆனால் மழையும் வெயிலும் யுகங்களாகச் சேர்த்துவைத்த தாதுவை எந்த அரசாலும் மீண்டும் விளைவிக்க இயலாது. அதேசமயம், ஒருமுறை விடுதலை பெற்ற அலுமினியத்தை உருக்கி மறுபடி வார்ப்பதற்குப் புதிதாக எடுக்கும் சக்தியில் நூற்றுக்கு ஐந்து பங்கே போதும். உலோகத்தின் குணமும் குன்றுவதில்லை. பழைய ஈயம் பித்தளைக்குப் பேரீச்சம்பழம் என்று கூவிக்கொண்டு தெருத்தெருவாக வந்த வியாபாரி, நெளிந்த அலுமினியக் குண்டானையும் வாங்கிச் சென்றபோது செய்தது வெறும் சில்லறை வாணிபமன்று. மலையையும் மின்சாரத்தையும் ஒருங்கே காக்கும் தேச சேவை அது. ஓட்டைப் பாத்திரத்தையும் உடைந்த ஜன்னல் சட்டத்தையும் குப்பையில் எறியாமல் பழைய இரும்புக் கடைக்குக் கொண்டு சேர்ப்பதே, இவ்வுலோகத்தை அனுபவிக்கும் ஒவ்வொருவரும் இயற்றவேண்டிய கடமை.