மேடு ஏறி வரும் காவிரி

தண்ணீர் பள்ளத்தை நோக்கித்தான் ஓடும். பெங்களூருக்கு மட்டும் அது மேடு ஏறி வருகிறது!

கடல் மட்டத்தில் இருந்து சுமார் 3 ஆயிரம் அடி உயரத்தில் இருக்கும் ஊர் இது. முன்பு ஏரிகளே தாகம் தீர்த்தன. 1890-களில் ஹெசரகட்டா ஏரித் தண்ணீர் குழாயில் வந்தது. 1933-ல் திப்பகொண்டனஹள்ளி அணை. அதுவும் போதவில்லை.

ராட்சத பம்புகள்

1974-ல் காவிரி வந்தது. சிவசமுத்திரம் அருகே எடுக்கும் தண்ணீரைத் தொரேகாடனஹள்ளியில் சுத்தம் செய்து, ராட்சத பம்புகள் மேலே தள்ளுகின்றன. ஆரோஹள்ளியில் மீண்டும் ஒரு தள்ளு. தாதகுணியில் இன்னொன்று. சுமார் 100 கிலோ மீட்டர் தூரம். ஏறத்தாழ 1,600 அடி ஏற்றம்! குடிநீர் வாரியத்தின் பணத்தில் பெரும் பங்கை மின்சாரக் கட்டணமே விழுங்குகிறது. குழாயை வீணாகத் திறந்துவிடுவோர் இதை அறிவார்களா?

2024 கோடையில் ஆழ்துளை கிணறுகள் வற்றின. தவித்தவர்கள் யார்? காவிரிக் குழாய் எட்டாத புறநகரில், வாடகை வீட்டில் குடத்துடன் லாரிக்குக் காத்திருந்தவர்கள். நம்மவர்களும்தான்.

அந்த ஆண்டு அக்டோபரில் 5-வது கட்டத் திட்டம் தொடங்கியது. நாள் ஒன்றுக்கு 77½ கோடி லிட்டர்; 110 கிராமங்களுக்காக.

பம்புக்குள் போகாத தண்ணீர், ஒகேனக்கல் வழியாக மேட்டூருக்குப் போகிறது.