சூரியனை நம்பிய காமிராக்காரர்

சினிமாப் படப்பிடிப்பு என்றால் என்ன நினைவுக்கு வரும்? கண்ணைக் கூச வைக்கும் பெரிய பெரிய விளக்குகள்!

அந்த விளக்குகளை ஒதுக்கிவிட்டு, ஜன்னல் வழியே வரும் வெளிச்சத்தை நம்பிப் படம் எடுத்தார் ஒருவர். அவர்தான் பாலுமகேந்திரா.

இலங்கையில் மட்டக்களப்புக்குப் பக்கத்தில் உள்ள அமிர்தகழி அவருடைய சொந்த ஊர்.

கொட்டியது மழை!

பள்ளிக்கூடத்தில் படித்தபோது அவர் கித்துல்கல என்ற ஊருக்குச் சுற்றுலா போனார். அங்கே டேவிட் லீன் என்ற ஆங்கில டைரக்டர் படம் எடுத்துக்கொண்டிருந்தார்.

"மழை" என்று டைரக்டர் குரல் கொடுத்தார். உடனே மழை கொட்டியது!

அது சினிமாவுக்காகப் பெய்வித்த மழை. ஆனால், சிறுவனின் மனதில் ஆசை முளைத்துவிட்டது. இதைப் பிற்காலத்தில் அவரே சொல்லியிருக்கிறார்.

1966-ல் புனா திரைப்படக் கல்லூரியில் சேர்ந்தார். ஒளிப்பதிவு படித்தார்.

மலையாளத்தில் "நெல்லு" படத்துக்குக் காமிரா பிடித்தார். 1974-ல் வெளிவந்த அந்தப் படம் கேரள அரசின் பரிசைத் தேடித் தந்தது.

கன்னடத்தில் "கோகிலா" (1977), தமிழில் "மூன்றாம் பிறை" (1982) ஆகிய படங்களுக்கு, சிறந்த ஒளிப்பதிவாளர் என்ற தேசிய விருது கிடைத்தது. இரண்டுக்கும் டைரக்டரும் அவரே!

உச்சி வெயில் ஆகாது

உச்சி வெயிலில் நின்றால் கண்ணுக்கு அடியில் கறுப்பாக நிழல் விழும். காலையிலும் மாலையிலும் வெயில் சாய்ந்து வரும். முகம் இயற்கையாகத் தெரியும். அந்த நேரத்து வெளிச்சம்தான் அவருக்குப் பிடித்தமானது.

பாட்டே இல்லாத படம்

பேரும் புகழும் வந்துவிட்டன. அடுத்து அவர் துணிந்து ஒரு காரியம் செய்தார். பாட்டு இல்லை, சண்டை இல்லை, பெரிய நட்சத்திரமும் இல்லை. அப்படி ஒரு படம் எடுத்தார்!

அதுதான் 1988-ல் வந்த "வீடு".

சுதா, வேலைக்குப் போகும் பெண். வீட்டில் தங்கையும் வயதான தாத்தாவும் இருக்கிறார்கள். வாடகை வீட்டைக் காலி செய்ய வேண்டிய நிலை. சொந்த மனையில் வீடு கட்டத் தொடங்குகிறாள்.

கடன் கழுத்தை நெரிக்கிறது. காண்டிராக்டர் ஏமாற்றுகிறான். தாத்தா இறந்துபோகிறார். கடைசியில், "இந்த நிலம் குடிநீர் வாரியத்துக்கு உரியது" என்கிறார்கள்!

நங்கநல்லூர் போன்ற புறநகர்களில் மனை வாங்கி, வயிற்றைக் கட்டி வாயைக் கட்டி வீடு கட்டியவர்களுக்கு இது வெறும் கதை அல்ல.

பாலுமகேந்திராவுக்கும் அப்படித்தான். வீடு கட்டுவதற்குத் தம் தாயார் பட்ட பாட்டைச் சிறு வயதில் நேரில் பார்த்தவர் அவர்.

ஆகவே அவர் அட்டையில் செட் போடவில்லை. சாலிகிராமத்தில் உண்மையாகவே வீடு கட்டினார். சுவர் எழும்ப எழும்பப் படமும் வளர்ந்தது!

சிறந்த தமிழ்ப் படம் என்ற தேசிய விருது "வீடு" படத்துக்குக் கிடைத்தது. சுதாவாக நடித்த அர்ச்சனா, சிறந்த நடிகை ஆனார்.

கடைசி வரை

2007-ல் "சினிமா பட்டறை" தொடங்கி இளைஞர்களுக்குத் தொழில் கற்றுக்கொடுத்தார். இன்று புகழ் பெற்ற டைரக்டர்களான பாலாவும் வெற்றிமாறனும் அவரிடம் உதவியாளர்களாக இருந்தவர்களே.

2013-ல் "தலைமுறைகள்" படத்தில் தாத்தாவாகத் தாமே நடித்தார். அதுவே கடைசிப் படம். 2014 பிப்ரவரி 13-ந் தேதி சென்னையில் காலமானார்.

சாதாரண வீட்டு ஜன்னலில் வரும் வெளிச்சம் போதும், நல்ல படம் எடுக்கலாம் என்று காட்டியவர் அவர்!