மருத்துவர் கொள்ளையரான கதை: 'கேப்டன் பிளட்'

1935 டிசம்பரில் வார்னர் பிரதர்ஸ் வெளியிட்ட 'கேப்டன் பிளட்', பேசும் பட யுகத்தில் கடற்கொள்ளையர் சாகசக் கதைகளுக்குப் பாதை போட்டுக் கொடுத்த படம். ராஃபேல் சபாட்டினி 1922-இல் எழுதிய நாவல் அதன் மூலக்கதை. வைட்டாகிராஃப் நிறுவனம் 1924-இல் அதை மௌனப் படமாக எடுத்திருந்தது. அந்த நிறுவனத்தை வார்னர் வாங்கியபோது கதை உரிமையும் கூடவே வந்து சேர்ந்தது. ஹங்கேரியில் பிறந்த மைக்கேல் கர்டிஸ் படத்தை இயக்கினார்.

கதை 1685-இல் தொடங்குகிறது. மன்னர் இரண்டாம் ஜேம்ஸை எதிர்த்து மான்மவுத் கோமகன் கலகம் செய்து தோற்கிறார். காயம்பட்ட கலகக்காரர் ஒருவருக்கு மருந்து போட்டதற்காக, கலகத்தில் எந்தப் பங்கும் இல்லாத டாக்டர் பீட்டர் பிளட் ராஜத் துரோகி ஆக்கப்படுகிறார். நீதிபதி ஜெஃப்ரீஸ் மரண தண்டனை விதிக்கிறார். தூக்கிலிடுவதைவிட விற்பதே லாபம் என்று கருதும் மன்னர், கைதிகளை ஜமைக்காவின் போர்ட் ராயலுக்கு அடிமைகளாக அனுப்புகிறார். அங்கே தோட்ட முதலாளி பிஷப்பின் சகோதரர் மகள் அராபெல்லா, பிளட்டைப் பத்து பவுனுக்கு ஏலத்தில் எடுக்கிறாள். பிறகு ஸ்பானியர் ஊரைத் தாக்கும் நேரம் பார்த்து, அவர்களுடைய கப்பலையே கைப்பற்றி அடிமைகள் தப்புகிறார்கள்.

இது முழுக்கக் கற்பனை அல்ல. ஹென்றி பிட்மன் என்ற மருத்துவர் அதே கலகத்துக்குப் பின் பார்படாஸுக்கு அனுப்பப்பட்டு, தப்பி வந்து, 1689-இல் தன் அனுபவத்தைப் புத்தகமாக்கினார். சபாட்டினி அதிலிருந்து எடுத்துக்கொண்டார். நாவலில் பார்படாஸில் நடப்பவை படத்தில் ஜமைக்காவுக்கு மாறின.

படத்தின் உயிர் எங்கே இருக்கிறது என்று கேட்டால், பீரங்கிச் சண்டைகளைவிட ஒப்பந்தக் காட்சியைத்தான் சொல்ல வேண்டும். நாடில்லாத அந்த மனிதர்கள் கொள்ளையில் இறங்குமுன் தங்களுக்குள் சட்டம் எழுதிக்கொள்கிறார்கள்: கிடைப்பது பொதுவில் சேரும், உறுப்பு இழந்தவனுக்கு இழப்பீடு உண்டு. கரீபியக் கொள்ளையரோடு மருத்துவராகப் பயணம் செய்த எக்ஸ்குவெமெலின் 1678-இல் வெளியிட்ட நூலில் இந்தக் கணக்கு விவரமாக இருக்கிறது. வலக்கைக்கு 600 ஸ்பானிய வெள்ளி அல்லது ஆறு அடிமைகள். கண் ஒன்றுக்கு 100 வெள்ளி அல்லது ஓர் அடிமை. அரசரின் நீதிமன்றம் தராத நியாயத்தைக் கொள்ளையர் கப்பல் தருகிறது என்பதே படம் சொல்வது. ஆனால் 'அல்லது ஆறு அடிமைகள்' என்ற சொற்கள் படத்துக்குள் வரவில்லை. ஜமைக்காவின் கரும்புத் தோட்டங்களில் உழைத்த ஆப்பிரிக்கர்களும் திரையில் ஏறக்குறைய இல்லை. சுதந்திரத்தைப் பற்றி இவ்வளவு ஆவேசமாகப் பேசும் படத்தில் இது பெரிய குறை.

நாயகன் வேடத்துக்கு முதலில் பேசப்பட்டவர் ராபர்ட் டோனட். அவர் விலகியதால், டாஸ்மேனியாவில் பிறந்த, ஹாலிவுட்டில் அறிமுகமே இல்லாத எரால் ஃபிளின்னுக்கு வாய்ப்பு வந்தது. அப்போது அவருக்கு 26 வயது; அராபெல்லாவாக நடித்த ஒலிவியா டி ஹாவிலண்டுக்கு 19. இந்த ஜோடி மொத்தம் எட்டுப் படங்களில் நடித்தது. பிரெஞ்சுக் கொள்ளையன் லெவாஸ்ஸராக வரும் பேஸில் ராத்போன் உண்மையிலேயே வாள்வீச்சில் தேர்ந்தவர். அவரும் ஃபிளின்னும் மோதும் காட்சி கலிஃபோர்னியாவின் லகூனா கடற்கரையில் எடுக்கப்பட்டது. பாறைகள் மீது ஏறி இறங்கி, மணலில் சறுக்கி, கடைசியில் அலை விளிம்பில் லெவாஸ்ஸர் சாய்கிறான். விழுந்தவன் முகத்தின் மேல் தண்ணீர் ஏறி வடிகிறது. சண்டைக்குக் காரணம் அராபெல்லா. லெவாஸ்ஸரிடம் பிடிபட்ட அவளைப் பிளட் முத்துக்கள் கொடுத்து விலைக்கு வாங்குகிறார். பத்து பவுனுக்கு வாங்கியவளை, வாங்கப்பட்டவன் திருப்பி வாங்கும் இந்த இடம் திரைக்கதையின் நேர்த்தி.

கடற்போருக்குச் சிறிய மாதிரிக் கப்பல்களும், 1924-இல் வந்த 'தி சீ ஹாக்' மௌனப் படத்தின் துண்டுகளும் உதவின. வியன்னாவிலிருந்து வந்த எரிக் வொல்ஃப்காங் கோர்ன்கோல்டுக்கு இசையமைக்கக் கிடைத்தது மூன்றே வாரம். நேரம் போதாமல் சில இடங்களில் லிஸ்ட்டின் இசையைக் கையாண்டார். அதனால் தன் பெயருக்கு நேரே 'இசை ஒழுங்கமைப்பு' என்று மட்டும் போடச் சொன்னார்.

தமிழ் ரசிகர்களுக்கு இந்தக் கதை 1965-லேயே அறிமுகம். பி. ஆர். பந்துலு இயக்கிய 'ஆயிரத்தில் ஒருவன்' இதைத் தழுவியது. பிளட் அங்கே எம்.ஜி.ஆர். நடித்த மருத்துவர் மணிமாறன். நாயகி, அவருடன் முதன்முதலாக இணைந்த ஜெயலலிதா. இங்கிலாந்து வரலாறு போய்க் கற்பனை நாடு வந்தது, விஸ்வநாதன்-ராமமூர்த்தியின் பாடல்கள் சேர்ந்தன. மருத்துவம் பார்த்ததே குற்றமாகி, அடிமையாக விற்கப்பட்டு, கொள்ளையர் கப்பலேறும் நாயகன் மட்டும் மாறவில்லை. 2014-இல் டிஜிட்டல் முறையில் புதுப்பிக்கப்பட்டு அந்தப் படம் மறுபடியும் திரையரங்குகளுக்கு வந்தது.