பீஸ் ரேட் இல்லாத ஒரு மணி நேரம்

திருப்பூரில் ஒரு பிள்ளையின் கைக்கு வேலை தெரிந்துவிட்டால் உடனே அதற்கு விலையும் வந்துவிடுகிறது. பதினைந்து வயது மகள் மீந்த துணியில் ஒரு பை தைத்தால், "லீவில் பவர் டேபிளுக்கு அனுப்பலாமே" என்கிறோம். மகன் நோட்டில் டிசைன் வரைந்தால், "இதில் என்ன வருமானம்?" என்று கேட்கிறோம். சனிக்கிழமைச் சம்பளத்தை நம்பி ஓடும் குடும்பங்களில் இந்தக் கேள்வி இயல்பானதுதான். ஆனால், இப்போதுதான் கற்கத் தொடங்கிய பிள்ளையிடம் அதைக் கேட்டால், பலர் அத்துடன் விட்டுவிடுவார்கள். சிலர் படிப்பையும் விட்டுவிட்டுக் கம்பெனிக்குப் போய்விடுவார்கள்.

கம்பெனியில் ஒருவர் ஓவர்லாக் மட்டும் அடிப்பார், இன்னொருவர் செக்கிங் மட்டும் பார்ப்பார். பீஸ் கெட்டால் நஷ்டம். எனவே தெரிந்ததையே திரும்பச் செய்ய வேண்டும். புதிதாகக் கற்பவருக்கோ கெடுத்துப் பார்க்க இடம் வேண்டும். ஒரு பொருளைத் தானே தொடங்கித் தானே முடிக்கவும் வேண்டும்.

கைத்தொழிலை நம் மார்க்கம் கண்ணியப்படுத்தியுள்ளது. தாவூத் (அலை) அவர்களுக்கு இரும்பை மென்மையாக்கி, வளையங்களை அளவாக இணைத்துக் கவசம் செய்யுமாறு அல்லாஹ் பணித்ததை ஸபா அத்தியாயம் கூறுகிறது. ஸகரிய்யா (அலை) தச்சராக இருந்தார்கள் என்று ஸஹீஹ் முஸ்லிமில் வருகிறது. நபி (ஸல்) அவர்கள் தம் ஆடையைத் தாமே தைத்ததையும் செருப்பைச் செப்பனிட்டதையும் ஆயிஷா (ரலி) அறிவித்துள்ளார்கள். எனவே ஊசியை எடுக்கும் மகனிடம் "இது பொம்பளைப் பிள்ளை வேலை" என்று சொல்ல நமக்கு நியாயம் இல்லை.

நம் ஊரின் கதையும் இதையே சொல்கிறது. திருப்பூரின் பின்னலாடைத் தொழில் 1925-இல் குலாம் காதர் என்பவர் தொடங்கிய தொழிலகத்திலிருந்து வளர்ந்தது என்று அதன் வரலாற்றை எழுதியோர் குறிப்பிடுகின்றனர். இன்று உலகெங்கும் துணி அனுப்பும் ஊரும் ஒரு காலத்தில் இத்தொழிலுக்குப் புதிதாகத்தான் இருந்தது.

தொடங்குவதற்குச் செலவு தேவையில்லை. கட்டிங் வேஸ்ட் நம் ஊரில் கிலோ கணக்கில் கிடைக்கும். அதில் சிங்கிள் ஜெர்ஸி துணியைத் தேர்ந்தெடுத்து, குறுக்கே ஓர் அங்குல அகல நாடாவாக வெட்டி இழுத்தால், ஓரங்கள் உள்ளே சுருண்டு தடித்த கயிறாகிவிடும். ரிப், இன்டர்லாக் துணிகள் இப்படிச் சுருளாது. மூன்று கயிறுகளை ஜடைபோலப் பின்னி, வட்டமாகச் சுற்றி ஊசி நூலால் தைத்தால் கால்மிதி தயார். முதல் கால்மிதி பெரும்பாலும் கிண்ணம்போலக் குழிந்துவிடும். சுற்றும்போது அதிகமாக இழுப்பதே காரணம். அதை நாம் சொல்லிவிடாமல், இரண்டாவதைச் செய்யும்போது பிள்ளையே கண்டுபிடிக்கட்டும். கை பழகியபின் அதே கயிற்றில் குரோஷா பின்னலுக்குப் போகலாம்.

பெற்றோர் செய்ய வேண்டியவை சில உண்டு. ஞாயிறு அஸருக்குப் பின் ஒரு மணி நேரத்தை இதற்கென ஒதுக்குங்கள். குறைவாக இருந்தாலும் தொடர்ந்து செய்யப்படும் அமலே அல்லாஹ்வுக்கு மிக விருப்பமானது என்ற நபிமொழி, கற்பவர்களுக்கும் நல்ல வழிகாட்டி. பக்கத்து வீட்டுப் பிள்ளையின் வேலையோடு ஒப்பிடாதீர்கள். முதல் சில மாதங்களுக்கு விற்பனைப் பேச்சையே எடுக்காதீர்கள். கை நன்றாக வருகிறது என்பதற்காகப் பள்ளியை நிறுத்தாதீர்கள். படிப்பும் கைத்திறனும் சேர்ந்தால் நாளை டிசைன், பேட்டர்ன் போன்ற துறைகளுக்கும் வழி திறக்கும்.

அப்படி எந்த வேலையும் அமையாமல் போனாலும் நஷ்டமில்லை. பொறுமையையும், கெட்டுப்போனதைப் பிரித்துத் திரும்பச் செய்யும் மனதையும் அந்த ஒரு மணி நேரம் பழக்கிவிடும், இன்ஷா அல்லாஹ். குழிந்த அந்த முதல் கால்மிதியை வீசிவிடாமல் நம் வீட்டு வாசலிலேயே போடுவோம்.